சிற்றூர் வானொலியும் கடைத்தெருவும்

வர்த்தக ஒலிபரப்பு என்றவுடன் தமிழ் வாசகர்களில் வயது முதிர்ந்த பலருக்கு, 1950-ஆம் ஆண்டில் தொடங்கி இந்தியா முழுவதும் விரும்பிக் கேட்கப்பெற்ற இலங்கை வானொலியின் வர்த்தக சேவை நினைவுக்கு வருவது இயல்பே. ஆனால் அது ஒரு தேசத்தின் அரசாங்கம் நடத்திய நிலையம். கடல் கடந்தும் கேட்கும் வல்லமை வாய்ந்தது. ஐந்தாயிரம், பத்தாயிரம் ஜனங்களே வாழும் ஒரு சிற்றூரில், அவ்வூர் வியாபாரி ஒருவர் முதல் போட, அவ்வூர்க் கடைக்காரர்கள் தரும் விளம்பரப் பணத்தையே ஜீவாதாரமாகக் கொண்டு, சுற்றுப்புறக் கிராமங்களுக்கு அப்பால் எட்டாத சொற்ப சக்தியோடு ஒரு வானொலி நிலையம் இரண்டு மூன்று தலைமுறைக் காலம் நடந்துவந்தது என்றால், அது நம் அனுபவத்துக்குப் புதியதாகவே தோன்றும். அமெரிக்க ஐக்கிய நாடுகளில் அத்தகைய நிலையங்கள் ஒன்றிரண்டல்ல, ஆயிரக்கணக்கில் இருந்தன. அவற்றின் தோற்றத்தையும் வளர்ச்சியையும் க்ஷீணத்தையும் தொடர்ச்சியாக நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

அந்நிலையங்களைப் பற்றி நெடுங்காலமாக இரு வேறு அபிப்பிராயங்கள் நிலவி வருகின்றன. ஆகாயம் எல்லார்க்கும் பொதுவானது. அதன் வழியே செல்லும் ஒலியலைகளை இலாபம் தேடும் வியாபாரிகளின் கையில் ஒப்படைத்தது ஆதியிலேயே நேர்ந்த பெரும் பிழை என்பது ஒரு சாராரின் வாதம். வியாபாரிகள் முன்வந்திராவிட்டால் அந்தச் சிற்றூர்களுக்குச் சொந்தக் குரலே வாய்த்திராது என்பது மற்றொரு சாராரின் பதில். இரண்டிலும் உண்மை உண்டு; ஆயினும் இரண்டும் விஷயத்தின் மூலத்தைத் தொடவில்லை என்றே கருதுகிறேன். இந்நிலையங்களின் நீண்ட சரித்திரத்தை ஊன்றி நோக்கினால், இலாப நோக்கம் மட்டுமே அவற்றின் நன்மை தீமைகளைத் தீர்மானித்துவிடவில்லை என்பதும், நிலையத்தின் சொந்தக்காரரும், விளம்பரம் தரும் வியாபாரியும், கேட்கும் குடும்பத்தாரும் ஒரே கடைத்தெருவில் நாள்தோறும் ஒருவர் முகத்தில் ஒருவர் விழித்து வாழ்ந்தார்களா என்பதே பெரும்பாலும் அதைத் தீர்மானித்தது என்பதும் புலனாகும்.

விதை வியாபாரிகளின் வானொலி

1920-ஆம் ஆண்டு நவம்பர் 2-ஆம் தேதி பிட்ஸ்பர்க் நகரில் வெஸ்டிங்ஹவுஸ் கம்பெனியின் கே.டி.கே.ஏ. நிலையம் ஜனாதிபதித் தேர்தல் முடிவுகளை ஒலிபரப்பியதை அமெரிக்க வானொலிச் சரித்திரத்தின் தொடக்கமாகக் கொள்வது மரபு. அக்கம்பெனியின் நோக்கம் வானொலிப் பெட்டிகளை விற்பதே; ஒலிபரப்பையே ஒரு வருமான மார்க்கமாக்கலாம் என்ற எண்ணம் அன்று தெளிவுபெறவில்லை. 1922 ஆகஸ்டு 28-இல், நியூயார்க்கில் டெலிபோன் கம்பெனியார் நடத்திய டபிள்யூ.ஈ.ஏ.எஃப். நிலையம், வீடு கட்டி விற்கும் ஸ்தாபனம் ஒன்றினிடம் கட்டணம் பெற்றுக்கொண்டு தன் நேரத்தை அதற்கு அளித்தபோதுதான் அந்த மார்க்கம் திறந்தது.

பெருநகரங்களின் கதை இப்படியிருக்க, சிற்றூர்களில் வானொலி வேறு வாயில் வழியாக நுழைந்தது. அயோவா மாகாணத்தின் தென்மேற்கு மூலையில் ஷெனண்டோவா என்றோர் ஊர். 1920-களில் அதன் ஜனத்தொகை ஏறத்தாழ ஐந்தாயிரம். அங்கே தபால் மூலம் விதை விற்கும் இரண்டு பெரிய வியாபாரிகள் இருந்தனர். அவர்களுள் ஹென்றி ஃபீல்டு 1924-இல் கே.எஃப்.என்.எஃப். என்ற நிலையத்தைத் தொடங்கினார். அடுத்த ஆண்டே அவருடைய போட்டியாளர் ஏர்ல் மே கே.எம்.ஏ. என்ற நிலையத்தைத் தொடங்கினார். ஐந்தாயிரம் பேர் வாழும் ஊரில் இரண்டு வானொலி நிலையங்கள்! விதை விற்பவருக்கு வானொலி எதற்கு என்று கேட்டால், மக்காச்சோள வயல்களின் நடுவே அண்டை வீட்டுக்கும் மைல் கணக்கில் போகவேண்டிய விவசாயக் குடும்பங்களே அவருடைய வாடிக்கையாளர்கள் என்பதே விடை. ஆண்டுக்கொரு முறை தபாலில் வந்துசேரும் விலைப்பட்டியலைவிட, நாள்தோறும் வீட்டுக்குள் ஒலிக்கும் குரல் நம்பிக்கையை வளர்க்கும் என்பதை இவ்விருவரும் கண்டுகொண்டனர். ஃபீல்டு தாமே ஒலிவாங்கியின் முன் அமர்ந்து, விதைப்புப் பருவத்தைப் பற்றியும் மண்ணைப் பற்றியும், இடையிடையே தம் கடையில் விற்கும் காப்பிப்பொடி, மோட்டார் டயர் முதலியவற்றைப் பற்றியும், திண்ணையில் அமர்ந்து பேசுவதுபோல் பேசினார். ஏர்ல் மே 1926-இல் ஒரு வானொலிப் பத்திரிகை நடத்திய போட்டியில் நேயர்களின் லட்சக்கணக்கான வாக்குகளைப் பெற்றுத் தேசத்திலேயே மிகப் பிரபலமான அறிவிப்பாளராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். நேரில் காண வரும் கூட்டத்துக்காக அவர் ஓர் அரங்கமே கட்டினார். மேடைக்கும் சபைக்கும் இடையே கண்ணாடித் திரை ஒன்று இருந்தது.

இவ்விரு நிலையங்களும் வளர்த்த ஒரு வகை நிகழ்ச்சி தனியாகக் குறிப்பிடத்தக்கது. இல்லத்தரசிகளுக்காக இல்லத்தரசி ஒருவரே தம் வீட்டுச் சமையலையும் குழந்தை வளர்ப்பையும் பற்றிப் பேசும் நிகழ்ச்சி அது. ஹென்றி ஃபீல்டின் சகோதரி லியானா டிரிஃப்ட்மையர் 1926-இல் ஏற்ற அந்நிகழ்ச்சி, 'கிச்சன் கிளாட்டர்' என்ற பெயரோடு ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் நீடித்தது. 1930-இல் மோட்டார் விபத்தில் முதுகெலும்பு முறிந்து சக்கர நாற்காலியில் வாழநேர்ந்த பின்னரும், அவர் தம் வீட்டிலிருந்தபடியே ஒலிபரப்பைத் தொடர்ந்தார். அவர் சொன்ன பலகாரச் செய்முறையைக் காகிதத்தில் குறித்துக்கொண்ட பெண்கள், அவர் பிள்ளைகளின் பெயர்களையும் அறிந்திருந்தனர். விளம்பரம் அந்நிகழ்ச்சியின் ஊடே இயல்பாகப் பரவியிருந்தது. ஆயினும் வெளியூர்ச் சரக்கு விற்பனைக்காரரின் ஓசை அதில் இல்லை.

அண்மையின் அபாயமும் சட்டத்தின் பிறப்பும்

இந்த நெருக்கம் நன்மையே தந்தது என்று சொன்னால் சரித்திரத்துக்குத் துரோகம் செய்தவர்களாவோம். நம்பிக்கை வளர்ந்த இடத்தில் அதைச் சுரண்டுவோரும் தோன்றுவர். கன்சாஸ் மாகாணத்தின் மில்ஃபோர்டு என்ற மிகச் சிறிய ஊரில் ஜான் ஆர். பிரிங்க்லி என்பவர், இழந்த ஆண்மையை மீட்டுத் தருவதாகச் சொல்லி, வெள்ளாட்டுச் சுரப்பிகளை மனிதர் உடலில் வைத்துத் தைக்கும் சிகிச்சையை நடத்தி வந்தார். 1923-இல் அவர் கே.எஃப்.கே.பி. என்ற நிலையத்தை நிறுவினார். நோயாளிகள் எழுதிய கடிதங்களைத் தினந்தோறும் வானொலியில் படித்து, எழுதியவரை ஒருமுறையேனும் கண்ணால் காணாமலே, இன்ன எண்ணுள்ள மருந்தை வாங்கிச் சாப்பிடுங்கள் என்று விதிப்பார். அந்த எண்ணுக்குரிய மருந்து அவரோடு ஒப்பந்தம் செய்துகொண்ட மருந்துக் கடைகளில் கிடைக்கும். விற்ற ஒவ்வொரு புட்டிக்கும் அவருக்குப் பங்கு போகும். கிராமிய சங்கீதமும் சமயப் பேச்சும் கலந்த அந்த நிலையம் ஜனங்களிடையே அபாரமான செல்வாக்குப் பெற்றிருந்தது என்பதே இதில் நாம் கவனிக்கவேண்டிய துயரமான உண்மை.

இதற்குள் சட்டம் பிறந்துவிட்டது. யார் வேண்டுமானாலும் எந்த அலைவரிசையிலும் புகுந்து ஒருவர் ஒலியை ஒருவர் கெடுக்கும் குழப்பத்தைத் தீர்க்க, 1927-ஆம் ஆண்டு வானொலிச் சட்டம் மத்திய வானொலிக் கமிஷனை ஏற்படுத்தியது. பொதுஜனங்களின் நலனுக்கும் வசதிக்கும் தேவைக்கும் உகந்தவர்களுக்கே லைசென்ஸ் அளிக்கலாம் என்பது அச்சட்டத்தின் மூல தத்துவம். அலைவரிசை யாருக்கும் சொந்தமல்ல; குறித்த காலத்துக்கு நிபந்தனையோடு ஒப்படைக்கப்படும் நம்பிக்கைப் பொருள் அது. 1930-இல் கமிஷன் பிரிங்க்லியின் லைசென்ஸைப் புதுப்பிக்க மறுத்தது. 1931-இல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. கடந்தகால ஒலிபரப்பைக் கருதி லைசென்ஸை மறுப்பது தணிக்கையாகாது என்ற கோட்பாடு இவ்வழக்கில்தான் நிலைபெற்றது. பிரிங்க்லி எல்லை கடந்து மெக்ஸிகோவில் பன்மடங்கு சக்தி வாய்ந்த வேறொரு நிலையத்தை நிறுவிக்கொண்டார் என்பது தனிக் கதை. நமக்கு வேண்டிய பாடம் ஒன்றே: அண்மை மட்டும் போதாது, அண்மைக்குக் கணக்குக் கேட்கும் சட்டமும் வேண்டும்.

அதே கமிஷன் 1928-இல் அலைவரிசைகளை வகைப்படுத்தியபோது, தேசம் முழுவதும் எட்டும் பெரிய நிலையங்களுக்கும், ஒரு பிரதேசத்துக்குரிய நடுத்தர நிலையங்களுக்கும் இடம் ஒதுக்கியபின், உள்ளூர் நிலையங்களுக்கென ஆறு அலைவரிசைகளைத் தனியே விட்டது. 1941-இல் நடந்த மறுசீரமைப்புக்குப் பிறகு 1230, 1240, 1340, 1400, 1450, 1490 கிலோஹெர்ட்ஸ் என்ற ஆறு இடங்களில் அவை நிலைபெற்றன. சக்தி முதலில் 100 வாட்; பின்னர் 250 வாட். அக்காலத்தில் ஓர் அறையில் எரிந்த இரண்டு மூன்று மின்விளக்குகளுக்குச் செலவான சக்திதான். அதனால் ஒரே அலைவரிசையில் நூற்றுக்கும் மேற்பட்ட ஊர்கள் தத்தம் எல்லைக்குள் பேச முடிந்தது.

இங்கே இயற்கையின் ஒரு நியமத்தையும் அறிந்துகொள்ள வேண்டும். பகலில் சூரிய ஒளியால் வாயு மண்டலத்தின் மேற்பகுதியில் உண்டாகும் ஓர் அடுக்கு, மத்திய அலையின் மேல்நோக்கிய கதிர்களை உறிஞ்சிவிடுகிறது. ஆகவே நிலத்தையொட்டிச் செல்லும் அலை மட்டுமே கேட்கும். சூரியன் மறைந்ததும் அந்த அடுக்கு மறைந்துவிட, அதற்கும் மேலுள்ள அடுக்குகளில் பட்டுத் திரும்பும் அலைகள் நூற்றுக்கணக்கான மைல்களுக்கு அப்பால் விழுந்து அங்குள்ள நிலையங்களைக் குழப்புகின்றன. இக்காரணத்தால், இரண்டாம் உலக யுத்தத்துக்குப் பின் லைசென்ஸ் பெற்ற சிற்றூர் நிலையங்களில் பலவற்றுக்குச் சூரியோதயம் முதல் அஸ்தமனம் வரை மட்டுமே ஒலிபரப்ப அனுமதி கிடைத்தது. மார்கழிக் குளிரில் மாலை ஐந்து மணிக்கே வாயடைத்துப்போகும் நிலையம், ஆனி மாதத்தில் இரவு எட்டு மணிவரையும் பேசும்.

ஹெலினாவின் பகல் 12:15

இவ்வகை நிலையங்களுள் உலகம் அறிந்தது ஆர்க்கன்ஸா மாகாணத்தில் மிஸிஸிப்பி நதிக்கரையிலுள்ள ஹெலினா என்ற ஊரின் கே.எஃப்.எஃப்.ஏ. நிலையம். 1941 நவம்பரில், 250 வாட் சக்தியோடு அது தொடங்கியது. சுற்றிலும் பருத்தி வயல்கள். வயல்களில் குத்தகைக்கு உழைக்கும் கறுப்பினக் குடும்பங்கள். ஹெலினாவைத் தலைமையிடமாகக் கொண்ட அந்த மாவட்டத்தில், 1919-ஆம் ஆண்டில் எலேன் என்ற இடத்தருகே, பருத்திக்கு நியாயமான விலை கேட்டுச் சங்கம் சேர்ந்த கறுப்பின விவசாயிகள் பெருந்தொகையாகக் கொல்லப்பட்ட நினைவு ஆறியிருக்கவில்லை. நிலையத்தின் சொந்தக்காரர்கள் வெள்ளையர். பள்ளியிலும் ரயிலிலும் இனப்பிரிவினை சட்டமாக இருந்த காலம்.

நிலையம் தொடங்கிய சமயத்தில் இரண்டு கறுப்பினக் கலைஞர்கள் அங்கே வந்து, தாங்கள் வானொலியில் வாசிக்க விரும்புவதாகச் சொன்னார்கள். ஒருவர் சன்னி பாய் வில்லியம்சன் என்ற பெயரில் மௌத் ஆர்கன் வாசித்தவர்; மற்றவர் கித்தார்க் கலைஞர் ராபர்ட் லாக்வுட். செலவை ஏற்க ஒரு வியாபாரி கிடைத்தால் வாசிக்கலாம் என்றார் நிலையத்தை நடத்திய சாம் ஆண்டர்சன். கிங் பிஸ்கட் என்ற கோதுமை மாவை விற்றுவந்த இன்டர்ஸ்டேட் மளிகை மொத்த வியாபாரத்தின் உரிமையாளர் மாக்ஸ் மூர் அதற்கு இசைந்தார். 1941 நவம்பர் 21-ஆம் தேதி 'கிங் பிஸ்கட் டைம்' பிறந்தது. நேரம் பகல் 12:15 முதல் 12:30 வரை. பருத்தி வயலில் வேலை செய்பவர்கள் மதிய உணவுக்காக ஓயும் வேளை அது. மாவைப் புகழ்ந்து சில வார்த்தைகள், புளூஸ் என்னும் கறுப்பினத்தார் இசை, மீண்டும் மாவு, மீண்டும் இசை, இறுதியில் அன்றிரவு எந்த ஊரில் எந்தக் கூடத்தில் வாசிக்கப்போகிறார்கள் என்ற அறிவிப்பு. வானொலியில் கிடைத்த சம்பளம் சொற்பம். அந்தக் கடைசி அறிவிப்பே அவர்களுடைய மெய்யான ஊதியம்.

விளைவு வியாபாரியே எதிர்பாராத அளவுக்கு வளர்ந்தது. கிராமத்துக் கறுப்பினக் குடும்பங்கள் அந்த மாவைக் கேட்டு வாங்கத் தொடங்கின. மூர் தம் சோள மாவுக்குச் 'சன்னி பாய்' என்றே பெயர் சூட்டினார். பெரிய சோளக்கதிர் ஒன்றின்மேல் மௌத் ஆர்கனோடு அமர்ந்திருக்கும் அக்கலைஞரின் படம் மாவு மூட்டையின்மீது அச்சாயிற்று. கறுப்பினத்தார் கடைக்கு முன்வாசல் வழியாக நுழைவதே கேள்விக்குரியதாக இருந்த பிரதேசத்தில், ஒரு கறுப்பின மனிதரின் உருவமும் பெயரும் கடையின் முன்வரிசையில் மதிப்போடு நின்றன. நதியின் மறுகரையில் டிராக்டர் ஓட்டிக்கொண்டிருந்த இளைஞர் பி.பி. கிங் போன்ற வருங்காலக் கலைஞர்கள் மதிய வேளைகளில் அந்நிகழ்ச்சியைக் கேட்டே வளர்ந்தார்கள்.

வில்லியம்சன் பின்னர் ஹெலினாவைவிட்டுப் போனார், இசைத்தட்டுகளால் புகழ்பெற்றார், ஐரோப்பா சென்று அங்குள்ள இளைஞர்களின் ஆராதனையைப் பெற்றார். 1965-இல் மீண்டும் ஹெலினாவுக்கு வந்து பழைய நிகழ்ச்சியிலேயே அமர்ந்தார். அவ்வாண்டு மே 25-ஆம் தேதி பகல் நிகழ்ச்சிக்கு நேரமாகியும் அவர் வரவில்லை. உடன் வாசிப்பவர்கள் நிலையத்தில் காத்திருந்தனர்; அவர்களுள் டிரம் வாசிக்கும் பெக் கர்ட்டிஸ் தேடிப்போய், அவர் தங்கியிருந்த அறையில் உயிர் நீத்துக் கிடக்கக் கண்டார். அவருக்குப் பின்னும் நிகழ்ச்சி நிற்கவில்லை. 1951 முதல் அதை நடத்திய அறிவிப்பாளர் சன்னி பெய்ன் 2018-இல் மறையும் வரை ஏறத்தாழ அதே வேளையில் அதே மேஜையில் அமர்ந்தார். அதற்குள் 17,000-க்கும் மேற்பட்ட ஒலிபரப்புகள் நிறைவேறியிருந்தன. மாவு விற்கப் பிறந்த கால்மணி நேரம் ஒரு ஜனசமூகத்தின் கலைக்கு நித்திய வாசஸ்தலமாயிற்று. கடையின் இலாபமும் கலையின் நலனும் இங்கே ஒன்றாக நடந்தன; சமநீதி மட்டும் அவற்றோடு சேர்ந்து நடக்கவில்லை என்பதையும் கூடவே சொல்லியாக வேண்டும்.

நிலைய வாழ்க்கையின் பொருளாதாரம்

1945-இன் இறுதியில் தேசத்தில் ஏறத்தாழ 900 மத்திய அலை நிலையங்கள் இருந்தன. 1950-இல் அத்தொகை 2,000-ஐத் தாண்டிவிட்டது. புதியவற்றுள் பெரும்பகுதி அதுவரை நிலையமே இல்லாதிருந்த சிற்றூர்களில் எழுந்தவை. தொலைக்காட்சி வந்து பெருநகர வானொலியின் நாடகங்களையும் பெரிய நிகழ்ச்சிகளையும் பறித்துக்கொண்டபோது, சிற்றூர் நிலையம் அந்த அடியை அவ்வளவாக உணரவில்லை. ஏனெனில் அதன் சரக்கு தொலைக்காட்சியில் கிடைக்காத சரக்கு. விடியற்காலையில் பன்றி, மாடு, தானிய விலைகள்; பனி பெய்தால் எந்தப் பள்ளிக்கூடத்துக்கு விடுமுறை என்ற செய்தி; நடுப்பகலில் மரண அறிவிப்புகள், அடக்க ஆராதனை நடக்கும் இடம், நேரம்; பழைய தையல் இயந்திரம் விற்க விரும்புபவரும் நாய்க்குட்டி வேண்டுபவரும் டெலிபோனில் பேசிக்கொள்ளும் கொடுக்கல் வாங்கல் நிகழ்ச்சி; வெள்ளி இரவில் உயர்நிலைப் பள்ளியின் கால்பந்தாட்ட வர்ணனை; ஞாயிறன்று மாதா கோயில் ஆராதனை. உள்ளூர்ப் பையன் ஆட்டத்தில் வென்றதும், உள்ளூர்க் கிழவி இறந்ததும் சமமான கம்பீரத்தோடு வாசிக்கப்பட்டன.

இவ்வளவும் நடப்பதற்கு வேண்டிய பணம் எங்கிருந்து வந்தது என்பதை ஆராய்ந்தால்தான் பின்னால் நேர்ந்த வீழ்ச்சி விளங்கும். நிலையத்தில் ஐந்தாறு பேர் வேலை செய்தால் அதிகம். காலையில் செய்தி வாசித்தவரே பிற்பகலில் தோல் பையை எடுத்துக்கொண்டு கடைத்தெருவில் விளம்பரம் கேட்கப் புறப்படுவார். மரச்சாமான் கடை, மருந்துக்கடை, துணிக்கடை, தானியக் கிடங்கு, பாங்கு, சவப்பெட்டி தயாரிப்பவர் எல்லாரும் வாடிக்கைக்காரர்கள். ரொக்கம் இல்லாதவர் சரக்காகவே கொடுப்பதும் உண்டு. நிலையத்தின் வண்டிக்கு டயரும், ஊழியர்களின் மதிய உணவும் அவ்வாறு வந்தன. இவற்றோடு, குளிர்ப்பெட்டி, வர்ணம், டிராக்டர் முதலியவற்றைத் தயாரிக்கும் பெரிய கம்பெனிகள், தங்கள் சரக்கை விளம்பரம் செய்யும் உள்ளூர்க் கடைக்காரர் செலவழித்ததில் ஒரு பங்கை, பல வேளை பாதியை, அவருக்குத் திருப்பித் தந்துவிடும் ஏற்பாடும் இருந்தது. இதனால் பெரிய ஸ்தாபனங்களின் பணம் சிறிய கடைக்காரரின் கைவழியே சிறிய நிலையத்துக்கு வந்துசேர்ந்தது.

கடைத்தெருவில் விளம்பரம் கேட்கப் போகும் மனிதர், காலையில் தாம் வாசித்த செய்தியில் நேர்ந்த தவற்றுக்கும் அதே தெருவில் பதில் சொல்லியாக வேண்டும். மரண அறிவிப்பில் பெயரைத் தவறாக உச்சரித்தால் இறந்தவரின் மகன் மருந்துக்கடை வாசலில் எதிர்ப்படுவான். எந்தக் கமிஷனும் விதித்திருக்க முடியாத கட்டுப்பாடு இது. ஆனால் இதே நெருக்கம் வாயைக் கட்டவும் செய்தது. பெரிய விளம்பரதாரரின் ஊழலைப் பற்றியோ, நகரசபையின் அநீதியைப் பற்றியோ துணிந்து பேசிய நிலையங்கள் அரிது. தென் மாகாணங்களில் கறுப்பினத்தாரின் உரிமைப் போராட்டத்தைப் பற்றிப் பல நிலையங்கள் மௌனமே சாதித்தன. விதிவிலக்குகளும் இல்லாமலில்லை. மிஸிஸிப்பி மாகாணத்துக் கிளார்க்ஸ்டேல் என்ற ஊரில் டபிள்யூ.ஆர்.ஓ.எக்ஸ். நிலையம் 1947-இல் எர்லி ரைட் என்பவரை அறிவிப்பாளராக அமர்த்தியது. அம்மாகாணத்தின் முதல் கறுப்பின அறிவிப்பாளர் என்று போற்றப்படும் அவர், 1998 வரை, அரை நூற்றாண்டுக்கு மேலாக, அவ்வூரின் இரவுகளுக்குக் குரலாக விளங்கினார்.

வீழ்ச்சியின் காரணங்கள்

இந்நிலையங்கள் நலிந்ததற்குப் பலர் ஒரே காரணத்தைச் சொல்லி முடித்துவிடுகின்றனர். உண்மையில் காரணங்கள் பல. அவை ஒன்றன்மேல் ஒன்றாக ஏறின. பண்பலையின் தெளிவான ஒலிக்கு நேயர்கள் பழகி, 1970-களின் இறுதியில் மத்திய அலையைவிட அதையே அதிகம் கேட்கலாயினர். 1983-இல் அரசாங்கக் கமிஷன் ஏறத்தாழ 700 புதிய பண்பலை இடங்களைத் திறந்தது. ஒரே கடைத்தெருவின் பணத்தைப் பங்கிட்டுக்கொள்ள அதிக நிலையங்கள் போட்டியிட்டன. செயற்கைக் கோள் வழியாக இரவும் பகலும் இசை தரும் சேவைகள் வந்ததால் அறிவிப்பாளரே இல்லாமல் நிலையத்தை ஓட்டும் வழி பிறந்தது.

இவை எல்லாவற்றினும் ஆழமான மாறுதல் கடைத்தெருவிலேயே நேர்ந்தது. ஹெலினா இருக்கும் அதே ஆர்க்கன்ஸா மாகாணத்தில், ராஜர்ஸ் என்ற சிற்றூரில், 1962-இல் வால்மார்ட்டின் முதல் கடை திறக்கப்பட்டது. ஊருக்கு வெளியே பெருஞ்சாலையோரம் எழுந்த அத்தகைய கடைகள், மரச்சாமான், மருந்து, துணி, மளிகை அனைத்தையும் ஒரே கூரையின்கீழ் மலிவாகத் தந்தன. அதனால் மேலே சொன்ன கடைகள் ஒவ்வொன்றாக மூடின. அந்தப் பெருங்கடைக்கு உள்ளூர் வானொலியில் செலவிட வேண்டிய அவசியம் இல்லை. குறைந்த விலையே அதற்கு விளம்பரம். நிலையம் தன் நேயர்களை இழக்கும் முன்பே தன் வியாபாரிகளை இழந்தது என்பதே என் துணிபு.

இந்தப் பலவீனமான நிலையில்தான் 1996-ஆம் ஆண்டுத் தொலைத்தொடர்புச் சட்டம் வந்தது. ஒரு கம்பெனி தேசம் முழுவதிலும் இத்தனை நிலையங்களுக்கு மேல் வைத்திருக்கலாகாது என்றிருந்த உச்சவரம்பை அது அறவே நீக்கியது. அப்போது சில டஜன் நிலையங்களே கொண்டிருந்த கிளியர் சானல் கம்பெனி, சில ஆண்டுகளுக்குள் 1,200-க்கு மேற்பட்ட நிலையங்களுக்கு உரியதாயிற்று. தொலைதூர நகரத்தில் ஒருவர் முன்கூட்டியே பதிவு செய்த பேச்சு, பல ஊர்களில் அந்தந்த ஊர் அறிவிப்பாளரின் பேச்சுப்போல ஒலித்தது. இறுதியாக 2017-இல், லைசென்ஸ் பெற்ற ஊரிலோ அதனருகிலோ பிரதான ஸ்டூடியோ இருந்தாக வேண்டும் என்று ஏறத்தாழ எண்பது ஆண்டுகளாக இருந்த விதியும் ரத்தாயிற்று.

மைனாட்டும் ஜோப்ளினும்

இம்மாறுதலின் பொருளை இரண்டு சம்பவங்கள் பிரத்தியட்சமாகக் காட்டுகின்றன. 2002 ஜனவரி 18-ஆம் தேதி, வடக்கு டக்கோட்டாவின் மைனாட் நகரருகே, கடுங்குளிரான நள்ளிரவுக்குப் பின், சரக்கு ரயில் ஒன்றின் 31 வண்டிகள் தடம் புரண்டன. உரமாகப் பயன்படும் அம்மோனியாவை ஏற்றியிருந்த ஐந்து வண்டிகள் உடனே வெடித்து, விஷ மேகம் குடியிருப்புகளின்மேல் கவிந்தது. ஒருவர் உயிரிழந்தார், முன்னூறுக்கும் மேற்பட்டோர் பாதிப்புற்றனர். வெளியே வராதீர்கள், ஜன்னல்களை அடைத்துக்கொள்ளுங்கள் என்ற எச்சரிக்கைக்காக ஜனங்கள் வானொலியைத் திருப்பினர். அங்கே தொலைவிலிருந்து வரும் நிகழ்ச்சிகளே ஒலித்துக்கொண்டிருந்தன. அந்நகரின் ஆறு வர்த்தக நிலையங்களும் ஒரே கம்பெனிக்குச் சொந்தம். போலீசார் டெலிபோனில் அழைத்தும் பதில் கிடைக்கவில்லை. நிலையத்தில் ஆள் இருந்ததாகவும், அவசர எச்சரிக்கைக் கருவியைப் போலீசாரே இயக்கத் தவறியதாகவும் கம்பெனி வாதித்தது. கருவியில் பிழை இருந்திருக்கலாம். அதை மறுக்க வேண்டியதில்லை. ஆனால் ஓர் ஊரின் ஆறு குரல்களும் ஒரு கருவி இயங்காமற்போனால் ஒருங்கே ஊமையாகும்படி அமைந்திருந்தன என்பதே குற்றச்சாட்டின் சாரம். அதற்கு அந்த வாதம் விடையாகவில்லை.

2011 மே 22-ஆம் தேதி மிஸௌரி மாகாணத்து ஜோப்ளின் நகரைச் சுழற்காற்று தாக்கி நூற்றைம்பதுக்கும் மேற்பட்டோரைப் பலிகொண்டது. அங்கே ஒரு குடும்பத்தார் நடத்திய நிலையங்கள், பாட்டையும் வழக்கமான நிகழ்ச்சிகளையும் நிறுத்திவிட்டு, நாட்கணக்கில் நேயர்களின் டெலிபோன் அழைப்புகளை ஏற்று, காணாமற்போனவர்களின் பெயர்களையும், தண்ணீரும் இருப்பிடமும் கிடைக்குமிடங்களையும் சொல்லிக்கொண்டே இருந்தன. இவையும் இலாபத்துக்காக நடப்பவையே. இரண்டு ஊர்களுக்கும் இடையிலான வேறுபாடு வர்த்தகத்தில் இல்லை; வீட்டுக்கூரை பறந்தவர்களுள் நிலையத்தாரின் உறவினரும் இருந்திருக்கக்கூடிய அண்மையில் இருக்கிறது.

முடிவுரை

பெரிய கம்பெனிகள் வந்ததனால்தான் மூடவிருந்த சில நிலையங்கள் பிழைத்தன என்றும், இன்று கைப்பேசியிலேயே செய்தியும் எச்சரிக்கையும் வந்துவிடுகின்றன என்றும் சொல்வோருடைய கூற்றில் நியாயம் இல்லாமலில்லை. ஆனால் கோபுரம் நின்றுகொண்டிருப்பது வேறு, நிலையம் பிழைத்திருப்பது வேறு. கைப்பேசியில் வரும் எச்சரிக்கை அபாயத்தைச் சொல்லும். அடக்க ஆராதனையின் நேரத்தையும், பள்ளிப் பிள்ளைகளின் ஆட்டத்தையும், எதிர்வீட்டு மூதாட்டியின் தையல் இயந்திரத்தையும் ஒருசேர ஓர் ஊராருக்குச் சொல்லி, நாம் ஓர் ஊரார் என்ற உணர்ச்சியை அது வளர்ப்பதில்லை. 2000-ஆம் ஆண்டில் அரசாங்கம் 100 வாட் சக்தியுள்ள இலாப நோக்கற்ற சிறு நிலையங்களுக்கு வழி திறந்தது போற்றத்தக்கதே. ஆயினும் வியாபாரிகளை விலக்கிய ஏற்பாடு அது. கடைத்தெருவின் பணமும் பொறுப்பும் அதில் சேரவில்லை.

ஆகவே, இச்சரித்திரம் முழுவதையும் சீர்தூக்கினால் மூன்று நிபந்தனைகள் தெளிவாகின்றன. சொந்தக்காரர் ஊரில் வாழவேண்டும். அவருக்குப் பணம் தரும் கடைத்தெரு உயிரோடிருக்க வேண்டும். இருவரிடமும் பொதுநலத்தின் பெயரால் கணக்குக் கேட்கும் சட்டம் விழித்திருக்க வேண்டும். மில்ஃபோர்டில் நெடுநாள் மூன்றாவது இல்லாதிருந்தது; மைனாட்டில் முதலாவது இல்லாதிருந்தது; இன்று பல ஊர்களில் இரண்டாவதே இல்லை. மூன்றும் ஒருங்கே வாய்த்த காலத்தில், வியாபாரமே சேவைக்கு வாகனமாயிற்று. வர்த்தக வானொலியைச் சீர்திருத்த விரும்புவோர் விளம்பரத்தை நிந்திப்பதை விடுத்து, உள்ளூர் ஸ்டூடியோவைக் கட்டாயமாக்குவது, ஓர் ஊரின் நிலையங்களெல்லாம் ஒரே கைக்குச் செல்வதைத் தடுப்பது, சிறு வியாபாரிகளைப் பாதுகாப்பது ஆகிய மூன்று காரியங்களில் முயற்சியைச் செலுத்துவதே பயன் தரும். லைசென்ஸில் ஊரின் பெயர் எழுதப்பட்டிருப்பது வெறும் சம்பிரதாயமன்று. அந்த ஊருக்குப் பதில் சொல்லும் கடமையும் அதனோடு சேர்த்தே வழங்கப்படுகிறது என்பதைச் சட்டம் செய்பவர்கள் மீண்டும் உணர்ந்தாக வேண்டும்.